பாண்டி–கடலூர் எல்லையில் பணக்காரக் கொலைகாரர்கள்: போலீசுக்கு நூல்நுனி எங்கே கிடைக்கும்?

#1 உப்பளம்வாசி

ஒரு குற்றத் தொடர்கதை எழுத ஆரம்பித்திருக்கிறேன். புதுச்சேரியில் நான்கு பெரும்பணக்காரர்கள். வொயிட் டவுனில் பழைய பிரெஞ்சு வீடு, தெற்கே கடலோரத்தில் தென்னந்தோப்பு, சொந்தமாக மோட்டார் படகு. கொலை வழக்கிலும் பாலியல் வழக்கிலும் சந்தேகத்தின் பலனால் விடுதலையாகி வருகிறவர்களைப் பொறுக்கியெடுத்துக் கொல்கிறார்கள். 'கோர்ட் விட்டதை நாங்கள் முடிக்கிறோம்' என்பது அவர்கள் நினைப்பு. கூலிப்படை கிடையாது, எல்லாம் சொந்தக் கை.

துரத்துகிறவர்கள் இருவர். புதுச்சேரி இன்ஸ்பெக்டர் அம்மா ஒருவர், கடலூர் மாவட்ட எஸ்.ஐ. ஒருவர். முதல் பிணம் கரை ஒதுங்குகிறது.

இரண்டு அத்தியாயம் ஓடிவிட்டது. இப்போது கொலைகாரர்களின் கை ஓங்கிப்போய் நிற்கிறது. பணம், படிப்பு, செல்வாக்கு எல்லாம் உள்ள இவர்களை எந்தப் போலீஸ்காரர் சந்தேகப்படுவார்? கொலைகாரனே சீட்டு எழுதி வைத்துவிட்டுப் போகிற சினிமா வேலை வேண்டாம். ஊர் தெரிந்தவர்கள், சட்டம் தெரிந்தவர்கள், கடல் தெரிந்தவர்கள் வாருங்கள்.

#2 முதுநகர்காரன்

தாங்களே கொலை செய்கிற பணக்காரர்களா? நம்பச் சிரமமாக இருக்கிறது. எங்கள் பக்கத்தில் காசுள்ளவனுக்குக் கோபம் வந்தால் ஆள் வைப்பான். மாட்டுவதும் அங்கேதான். பேசிய தொகையில் பாதி தரவில்லை என்று கூலிப்படைக்காரன் ஒயின்ஷாப்பில் புலம்புவான், அது மூன்றாவது மேஜைக்குக் கேட்கும், மறுநாள் ஸ்டேஷனுக்குப் போய்விடும்.

#3 உப்பளம்வாசி

அதனால்தான் அண்ணே கூலிப்படையை எடுத்துவிட்டேன். வாய் திறக்க ஆளே இல்லாத கொலை. அதுதான் கதையின் முடிச்சு.

#4 சிவப்புத்தொப்பி

தம்பி, புதுச்சேரி போலீசில் அந்தத் தொப்பியைப் போட்டு ஓய்வு பெற்றவன் சொல்கிறேன். ஆளே இல்லாத வீடு பணக்காரன் வீடாக இருக்க முடியாது. அவன் தனக்கு ஒரு டீ கூடப் போட்டுக்கொள்ள மாட்டான். சமையற்காரம்மா, வாட்ச்மேன், தோட்டக்காரர், ஆக்டிங் டிரைவர், துணி தேய்க்கிறவர், படகைக் கழுவுகிறவர் என்று வீட்டைச் சுற்றி ஏழெட்டுப் பேர் இருப்பார்கள். கொலை நடந்தது இவர்கள் யாருக்கும் தெரியாது. ஆனால் ஆளுக்கு ஒரு விஷயம் தெரியும்.

டிரைவரை எடுத்துக்கொள்ளுங்கள். சனிக்கிழமை சாயங்காலம் "நீ போப்பா, வண்டி வேண்டாம்" என்று அனுப்பிவிடுகிறார்கள். திங்கள் காலை வந்து உட்கார்ந்தால் கால் பிரேக்குக்கு எட்டவில்லை. சீட் பின்னால் தள்ளியிருக்கிறது. பின்னாடி பார்க்கிற கண்ணாடி வேறு திசையைப் பார்க்கிறது. மிதியடிக்குக் கீழே மணல், அதுவும் இன்னும் ஈரமாக. முதலாளி ஓட்டியிருக்கிறார், அவ்வளவுதான் என்று நினைத்துக்கொண்டு மணலைத் தட்டிவிட்டு வண்டியைத் துடைப்பார். அந்த மனிதரை ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டு "என்ன பார்த்தாய்?" என்று கேட்டால் "ஒன்றும் பார்க்கவில்லை சார்" என்பார். பொய்யில்லை, உண்மையிலேயே ஒன்றும் பார்க்கவில்லை. டீக்கடையில் பக்கத்தில் உட்கார்ந்து, "உங்க முதலாளி நல்ல உயரமோ?" என்று கேட்க வேண்டும்.

இன்னொரு கேள்வியும் உண்டு. கொலை செய்கிறவர்கள் அன்றைக்கு வீட்டைக் காலி செய்தாக வேண்டும். ஆகவே உங்கள் இன்ஸ்பெக்டர் அம்மா கேட்க வேண்டியது இதுதான்: தீபாவளி, பொங்கல் இல்லாமல் மொத்த வேலைக்காரர்களுக்கும் ஒரே நாளில் சம்பளத்தோடு லீவு கொடுத்தது எப்போது? இதைக் கேட்க யூனிபார்ம் வேண்டாம். குருசுக்குப்பத்திலிருந்தும் வைத்திக்குப்பத்திலிருந்தும் விடியற்காலையில் வேலைக்குப் போகிற பெண்களோடு நாலு தெரு நடந்தால் போதும்.

#5 கோரிமேடு

சீட் விஷயம் பிரமாதம் ஐயா. நான் வாயே திறக்காமல் படிக்கிறேன்.

#6 முதுநகர்காரன்

ஐயா சொன்ன பிறகு எனக்கும் இரண்டு ஓடுகிறது. இரண்டும் எல்லையைப் பற்றியது.

பாண்டியிலிருந்து கடலூருக்கு டிக்கியில் பிணத்தை வைத்துக்கொண்டு வர முடியாது. எல்லை ஊரான முள்ளோடை தாண்டி வந்தால் ஆல்பேட்டை சோதனைச்சாவடியில் மதுவிலக்குப் போலீஸ் நிற்பார்கள். பாண்டி சரக்கு வருகிறதா என்று பார்ப்பதுதான் அவர்கள் வேலை. முதலில் திறக்கச் சொல்வதே டிக்கியைத்தான். கடலூரிலிருந்து பாண்டிக்குப் போகிற வண்டியை யார் சீண்டப் போகிறார்கள்? அங்கேயிருந்து யார் சரக்கு கடத்துவான்? ஆக உங்கள் பிணம் வடக்கு நோக்கி மட்டும்தான் பயணம் செய்யும்.

அடுத்தது பெட்ரோல். பாண்டியில் வரி குறைவு, லிட்டருக்குச் சில ரூபாய் மிச்சம். நாங்களே வேலையாக அந்தப் பக்கம் போனால் டேங்கை நிரப்பிக்கொண்டுதான் திரும்புவோம். அப்படியிருக்க பி.ஒய். என்று பாண்டிப் பதிவு நம்பர் போட்ட வண்டி ஒன்று கடலூர் பங்க்கில் நடுராத்திரி டேங்க் நிரப்பினால், பம்ப் போடுகிற பையன் அதைப் பத்து நாள் மறக்க மாட்டான். "யாருடா இந்தக் கிறுக்கன்" என்று பக்கத்துப் பையனிடம் சொல்லியிருப்பான்.

#7 துய்மா வீதி

பி.ஒய். நம்பரை வைத்து ஆளைப் பிடிக்கலாம் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். வரி குறைவு என்று வெளிமாநிலத்துக்காரர்கள் பாண்டி முகவரி காட்டிச் சொகுசுக் கார் பதிவு செய்தது 2017-ல் கேரளாவில் பெரிய விவகாரமானது நினைவிருக்கும். பதிவு முகவரிக்குப் போய்க் கதவைத் தட்டினால் யாரோ வாடகைக்குக் குடியிருப்பார்.

#8 மதுவிலக்கு எதிரி

ஆடி மாதிரிச் சொகுசுக் காரை எல்லாம் ஆல்பேட்டையில் நிறுத்த மாட்டார்கள். நிறுத்துவது டி.வி.எஸ். எக்ஸ்.எல்.லை மட்டும்தான்.

#9 முதுநகர்காரன்

நிறுத்த மாட்டார்கள்தான். ஆனால் நிறுத்த மாட்டார்கள் என்று நம்பி டிக்கியில் பிணத்தோடு வருகிற துணிச்சல் அந்த நாலு பேரில் எத்தனை பேருக்கு இருக்கும்? அதையே ஒரு காட்சியாக வைக்கலாம். கான்ஸ்டபிள் கையைக் காட்டுகிறார், அப்புறம் வண்டியைப் பார்த்துவிட்டுக் கையை இறக்கிவிடுகிறார். உள்ளே இருப்பவனுக்கு உயிர் போய் உயிர் வருகிறது.

#10 கோர்ட்டுக்கிளி

சட்டப் பக்கத்தை நான் பார்க்கிறேன். கடலூரில் பிராக்டிஸ், வாரத்துக்கு ஒரு தடவையாவது பாண்டி கோர்ட்டுக்கும் போவேன்.

பாகூர் பக்கமெல்லாம் வரைபடத்தைப் பாருங்கள், புதுச்சேரியும் தமிழ்நாடும் ஒன்றுக்குள் ஒன்று புகுந்து கிடக்கும். பைக்கில் போனால் எந்த மாநிலத்தில் போகிறோம் என்று கடை போர்டைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். கொலை நடந்த இடம் ஒன்று, பிணம் கிடைத்த இடம் ஒன்று என்றால் முதலில் பிணம் கிடைத்த இடத்து ஸ்டேஷன் சந்தேக மரணம் என்று பதிவு செய்யும் (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 174, அதற்குப் பதில் வந்த பி.என்.எஸ்.எஸ்.-ல் 194). கொலை என்று தெரிந்ததும் புதுத் தண்டனைச் சட்டமான பி.என்.எஸ். 103 (பழைய இ.பி.கோ. 302). நான்கு பேர் சேர்ந்து திட்டம் போட்டது 61. கதை 2024 ஜூலை 1-க்குப் பிறகு நடந்தால் புது எண்கள்தான், 302 என்று எழுதினால் என்னைப் போன்றவர்கள் விட மாட்டோம்.

எல்லைத் தகராறு இருந்தால் "எங்கள் லிமிட் இல்லை" என்று தட்டிக்கழிக்க முடியாது. எல்லை பார்க்காமல் பதிகிற ஜீரோ எப்.ஐ.ஆர். போட்டு உரிய ஸ்டேஷனுக்கு அனுப்ப வேண்டும். இரண்டு பக்கத்துக்கும் உயர் நீதிமன்றம் சென்னைதான், அதனால் மேலே போனால் வழக்கு ஒன்றாகிவிடும்.

கதைக்குப் பயன்படுகிற ஒரு கோணல் இருக்கிறது. புதுச்சேரி யூனியன் பிரதேசம், அங்கே சி.பி.ஐ. விசாரிக்க மாநில அரசின் ஒப்புதல் தேவையில்லை. தமிழ்நாடோ 2023 ஜூனில் பொது ஒப்புதலைத் திரும்பப் பெற்றுவிட்டது. ஆக, முள்ளோடைக்கு வடக்கே ஒரு கதை, தெற்கே ஒரு கதை. நான்கு பேரில் ஒருவருக்கு டெல்லியில் ஆள் இருந்தால், வழக்கைப் புதுச்சேரியிலேயே வைத்துக்கொண்டு நமக்கு வேண்டிய கைக்கு மாற்றிவிடலாம் என்று கணக்குப் போடுவார். கடலூர் எஸ்.ஐ. அந்தக் கணக்கைக் கெடுக்க, கொலை நடந்தது தன் எல்லையில்தான் என்று நிரூபிக்கப் பாடுபடுவார். வழக்கமாகப் போலீஸ்காரர்கள் கேஸைத் தள்ளிவிடப் பார்ப்பார்கள். இங்கே இழுத்துக்கொள்ளப் பார்க்கிறார்.

#11 சிவப்புத்தொப்பி

மேடம் சொன்ன எல்லைத் தலைவலி நேற்று வந்ததில்லை. 1908-லிருந்து பத்து வருஷம் பாரதி பாண்டியில் இருந்தார். பிரிட்டிஷ் ஒற்றர்கள் வீட்டுக்கு வெளியிலேயே சுற்றியும் கைவைக்க முடியவில்லை. 1918 நவம்பரில் பிரெஞ்சு எல்லையை விட்டுக் காலை வெளியே வைத்தார், உடனே பிடித்துக் கடலூர் சிறையில் போட்டார்கள். அந்த எஸ்.ஐ. கடலூர் சிறை இருக்கிற கேப்பர் மலை வழியாகப் போகும்போது இதை நினைத்துக்கொள்ளலாம். ரொம்ப நீட்ட வேண்டாம்.

#12 வலைக்காரன்

பிணம் எங்கே கரை ஒதுங்குகிறது, எந்த மாதத்தில்?

#13 உப்பளம்வாசி

வீராம்பட்டினத்தில். மாதம் இன்னும் முடிவு செய்யவில்லை அண்ணே. மாதம் அவ்வளவு முக்கியமா?

#14 வலைக்காரன்

மாதம்தான் எல்லாம். தெற்கிலிருந்து வடக்கே ஓடுகிற தண்ணீரைத் தெண்டி என்போம், வடக்கிலிருந்து தெற்கே ஓடினால் வன்னி. கோடையிலும் ஆடி, ஆவணியிலும் பெரும்பாலும் தெண்டி. ஐப்பசியில் மழை இறங்கிவிட்டால் வன்னி. ஆடி மாதம் வீராம்பட்டினத்தில் ஒதுங்கிய பொருள் தெற்கேயிருந்து வந்தது. கார்த்திகையில் அதே இடத்தில் ஒதுங்கினால் வடக்கேயிருந்து வந்திருக்கும். கரையில் உட்கார்ந்து வலை பின்னுகிற கிழவரைக் கேட்டாலே சொல்லிவிடுவார், போலீசுக்கு லேப் ரிப்போர்ட் வேண்டாம்.

ஏன் வீராம்பட்டினத்திலேயே ஒதுங்க வேண்டும் என்பதற்கும் காரணம் வைக்கலாம். அரியாங்குப்பம் முகத்துவாரத்தில் துறைமுகத்துக்காக 80-களில் கல்லைக் கொட்டிக் கடலுக்குள் நீட்டினார்கள். தெற்கேயிருந்து வந்த மணல் அதில் தடுபட்டு இந்தப் பக்கம் குவிந்தது. வடக்கே டவுன் பக்கம் கடற்கரையே அரித்துப் போய்ப் பல வருஷம் வெறும் கருங்கல்தான் இருந்தது. மணலை நிறுத்துகிற இடம் பிணத்தையும் நிறுத்தும். கொலைகாரர்கள் டவுன் ஆட்கள், அது ஆழ்கடலுக்குப் போய்விடும் என்று நினைத்திருப்பார்கள்.

நான் எழுதினால் இப்படி எழுதுவேன். நரம்பைக்கும் தாழங்குடாவுக்கும் நடுவில் எங்கேயோ படகிலிருந்து தள்ளியிருக்கிறார்கள். நரம்பை புதுச்சேரி, தாழங்குடா தமிழ்நாடு. தள்ளிய இடம் எந்தப் பக்கம் என்பது மேடம் சொன்ன சண்டைக்குச் சரியாக வரும்.

#15 உப்பளம்வாசி

அண்ணே, என் மூன்றாவது அத்தியாயத்தை நீங்களே எழுதிக் கொடுத்துவிட்டீர்கள்.

#16 கோரிமேடு

இப்போது நான் வாய் திறக்கலாம். பிரேதப் பரிசோதனை பக்கம்.

பிணம் முதலில் மூழ்கும். நம் கடல் சூட்டுக்கு உள்ளே வாயு சேர்ந்து இரண்டு மூன்று நாளில் மேலே வரும், அதன் பிறகுதான் நீரோட்டமும் காற்றும் தள்ளிக்கொண்டு போகும். அண்ணன் கணக்கில் அந்த நாட்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள். முகமும் விரல் நுனிகளும் மீன், நண்டு கடித்துச் சிதைந்திருக்கும். அது காயமா, கடியா என்று பார்ப்பதே பாதி வேலை.

டயட்டம் சோதனை என்று ஒன்று உண்டு. கடலிலும் ஆற்றிலும் கண்ணுக்குத் தெரியாத பாசி உயிர்கள் இருக்கும். உயிரோடு மூழ்கினால் அவை நுரையீரல் வழியாக ரத்தத்தில் கலந்து எலும்பு மஜ்ஜை வரை போகும். செத்த பிறகு போட்டால் மஜ்ஜைக்குப் போகாது. இப்போது உங்கள் கதைக்கு வாருங்கள். ஆள் மூழ்கித்தான் செத்திருக்கிறான் என்று நுரையீரல் காட்டுகிறது, மஜ்ஜையில் டயட்டமே இல்லை. அப்படியானால் கடலில் மூழ்கவில்லை, ஆற்றிலும் இல்லை. டயட்டம் பிழைக்காத தண்ணீர் எது? குளோரின் போட்ட நீச்சல்குளம்.

வொயிட் டவுனில் முற்றத்துக்குள் நீச்சல்குளம் வைத்த வீடு எத்தனை இருக்கும்? ஹோட்டல்களைக் கழித்துவிட்டால் மிஞ்சுவதை ஒரு மதியத்தில் நடந்தே பார்த்துவிடலாம்.

#17 கோர்ட்டுக்கிளி

கோரிமேடு சாரிடம் குறுக்கு விசாரணை: "டயட்டம் இல்லாததால் கடலில் மூழ்கவில்லை என்று நூறு சதவீதம் உறுதியாகச் சொல்வீர்களா டாக்டர்?"

#18 கோரிமேடு

"சொல்ல மாட்டேன்." அழுகிய உடலில் அந்தச் சோதனையைப் பற்றி எங்களுக்குள்ளேயே சண்டை இருக்கிறது. துப்புக்குப் பயன்படும், தண்டனைக்குப் போதாது.

#19 கோர்ட்டுக்கிளி

போதும். கதைக்கு அதுதான் வேண்டும். இன்ஸ்பெக்டர் அம்மாவுக்கு யார் என்று தெரிந்துவிட்டது, கோர்ட்டில் நிற்கிற மாதிரி கையில் ஒன்றும் இல்லை. கதையின் நடுப்பகுதி முழுக்க அவர் அந்த நிலைமையில் இருக்கட்டும்.

#20 மூன்றாம்பக்கம்

எல்லோரும் போலீசுக்கு உதவி செய்கிறீர்கள். எனக்கு அந்த நாலு பேரைப் பிடித்திருக்கிறது. வெளியே வந்தவன் மறுபடி அதே தெருவில் காலரைத் தூக்கிவிட்டு நடக்கிறான், சாட்சி சொன்னவள் வீட்டைக் காலி செய்கிறாள். நாக்பூரில் 2004 ஆகஸ்டில் கோர்ட்டுக்குள்ளேயே பெண்கள் ஒரு ரவுடியை முடிக்கவில்லையா? ஹைதராபாத்தில் 2019-ல் என்கவுன்டர் நடந்தபோது போலீஸ்காரர்கள் மேல் பூப் போட்டார்கள். ஜனங்களுக்கு எது வேண்டும் என்று தெரிகிறது. எழுதுகிறவர் கொலைகாரர்களைக் கெட்டவர்களாகக் காட்டினால் படிக்க மாட்டேன்.

#21 கோர்ட்டுக்கிளி

நாக்பூர் வேறு. அவர்கள் குடிசைப்பகுதிப் பெண்கள். அந்த ஆள் வருஷக்கணக்காக அவர்களைச் சீரழித்தான், புகார் கொடுத்தால் போலீஸ் அவனுக்கே தகவல் சொன்னது என்பது அவர்கள் குற்றச்சாட்டு. பட்டப்பகலில் செய்தார்கள், "எங்கள் எல்லோரையும் கைது செய்" என்று நின்றார்கள். அதற்கும் நீச்சல்குளத்தில் ஒருவனை அமுக்கிவிட்டு ராத்திரியில் படகேறுகிறவர்களுக்கும் என்ன சம்பந்தம்?

ஹைதராபாத்துக்கு உச்ச நீதிமன்றம் போட்ட சிர்புர்கர் ஆணையம் 2022-ல் என்ன சொன்னது என்றும் பாருங்கள். தற்காப்புக்காகச் சுடவில்லை, கொல்ல வேண்டும் என்றே சுட்டார்கள் என்றது.

ஆனால் என் கேள்வி அதுவல்ல. இந்த நாலு பேரிடமும் பணம் இருக்கிறது. வழக்கு நடக்கும்போது சாட்சி பயந்து பிறழ்கிறாள். அவளுக்கு ஆறு மாதம் வேறு ஊரில் வீடு பார்த்துக் கொடுக்க, பிள்ளையை வேறு பள்ளிக்கூடத்தில் சேர்க்க, பாதிக்கப்பட்டவர் பக்கத்துக்கு நல்ல சீனியர் வக்கீலை அமர்த்த அவர்கள் படகுக்குப் போடுகிற டீசல் காசு போதும். ஏன் அதைச் செய்யவில்லை? கேஸ் தோற்கட்டும் என்று காத்திருந்தார்கள். தோற்றால்தானே அவர்களுக்கு வேலை. இந்தக் கேள்வியை இன்ஸ்பெக்டர் அம்மா அவர்களில் ஒருவரிடம் நேராகக் கேட்கிற காட்சி வேண்டும். பதில் வரக்கூடாது.

#22 மூன்றாம்பக்கம்

அக்கா, அது அடி. ஒத்துக்கொள்கிறேன். இருந்தாலும் விடுதலையானவன் யோக்கியன் ஆகிவிடுவானா?

#23 கோர்ட்டுக்கிளி

ஆக மாட்டான். அயோக்கியன் என்றும் ஆகாது. 'சந்தேகத்தின் பலன்' என்ற ஒரே வரிக்குள் மூன்று வகை ஆட்கள் இருக்கிறார்கள். செய்துவிட்டுத் தப்பியவன், செய்தவனோடு சும்மா நின்றவன், கணக்கை முடிக்க ஸ்டேஷனில் பிடித்துப் போட்ட அப்பாவி. தீர்ப்பைப் படித்து இவர்களைப் பிரிக்க எனக்கே முடிவதில்லை. மாவட்ட நீதிமன்றத் தீர்ப்புகள் இணையத்தில் கிடக்கின்றன, யார் வேண்டுமானாலும் படிக்கலாம். அந்த நாலு பேரும் ஏ.சி. அறையில் உட்கார்ந்து படித்துத்தான் பட்டியல் போட்டிருப்பார்கள்.

#24 சிவப்புத்தொப்பி

மூன்றாவது வகை உண்டு. இதற்கு மேல் நான் எழுத மாட்டேன்.

#25 மூன்றாம்பக்கம்

பட்டியல் என்றதும் எனக்கு ஒன்று தோன்றுகிறது. இன்ஸ்பெக்டர் அம்மாவும் அதே தீர்ப்புகளை இறக்கி உட்காரட்டும். கடலூர், புதுச்சேரி, விழுப்புரம், கடைசி ஐந்து வருஷம். செத்தவர்களைக் குறிக்கிறார். எல்லோரும் யார்? லாரி டிரைவர், மீன் கம்பெனிக் கூலி, சில்லறை ரவுடி. இருப்பதிலேயே கொடூரமான வழக்கு ஒன்று இருக்கிறது. வீட்டு வேலைக்கு வந்த சிறுமி மாடியிலிருந்து விழுந்து சாகிறாள், முதலாளி விடுதலை, சாட்சிகள் அத்தனை பேரும் பிறழ்ந்தார்கள். நியாயமாகப் பார்த்தால் அவன்தான் பட்டியலில் முதல் ஆள். அவன் மேல் தூசி படவில்லை. ஏன்?

அவனைச் சுற்றித் தேடினால் நாலு பேரும் கிடைப்பார்கள். அவன் அவர்களோடு டென்னிஸ் ஆடுகிறவன். கொல்லப்பட்டவர்களை விட்டுவிட்டு, கொல்லப்படாதவனைப் பிடித்துக்கொண்டு போகட்டும்.

#26 உப்பளம்வாசி

கொலைகாரர்களுக்கு வக்காலத்து வாங்க வந்தவர் அவர்களைக் காட்டிக்கொடுத்துவிட்டார்! இதைத் திருடிக்கொள்கிறேன்.

#27 முதுநகர்காரன்

ஐந்தாவது ஆளாக அவனையே வைக்கலாமே?

#28 மூன்றாம்பக்கம்

வேண்டாம். அவனுக்கு இது எதுவுமே தெரியாது. தன்னை ஏன் யாரும் தொடவில்லை என்று கூட அவன் யோசித்திருக்க மாட்டான்.

#29 துய்மா வீதி

நான் பாரிஸில் இருக்கிறேன், குடும்பம் இன்னும் பாண்டியில்தான். மாமா பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து பென்ஷன் வாங்குகிறவர், தெருவில் எல்லோருக்கும் அவர் 'சொல்தா வீட்டு மாமா'. எங்களைப் போலப் பிரெஞ்சுக் குடியுரிமை உள்ளவர்கள் பாண்டியில் ஆயிரக்கணக்கில் உண்டு. நாலு பேரில் ஒருவரை அப்படி வைத்துப் பாருங்கள்.

வளையம் இறுகியதும் அவர் விமானம் ஏறிவிடுகிறார். பாண்டியின் லாஸ்பேட்டை விமான நிலையத்திலிருந்து வெளிநாட்டு விமானம் கிடையாது, சென்னைக்குத்தான் போக வேண்டும். லுக் அவுட் நோட்டீஸ் குடியேற்றப் பிரிவுக்குப் போவதற்கு முன்னால் தாண்டிவிட்டால் கதை வேறு. இந்தியாவுக்கும் பிரான்சுக்கும் குற்றவாளிகளை ஒப்படைக்கிற ஒப்பந்தம் உண்டு, ஆனால் பிரான்ஸ் தன் குடிமகனை இந்தியாவிடம் ஒப்படைக்காது. பலரும் எழுதும்போது இங்கேயே நிறுத்திவிடுகிறார்கள். பிரெஞ்சுக்காரர் வெளிநாட்டில் செய்த கொலையைப் பிரெஞ்சு நீதிமன்றமே விசாரிக்கலாம். அதற்கு இங்கேயிருந்து கோப்பு ஒழுங்காகப் போக வேண்டும், ஒவ்வொரு வாக்குமூலமும் பிரெஞ்சுக்கு மாற்றப்பட வேண்டும். டிரைவர், சமையற்காரம்மா சொன்னதெல்லாம் பாரிஸில் ஒரு விசாரணை நீதிபதியின் மேஜைக்கு வர வேண்டும். அந்த அம்மா கையெழுத்துக்குப் பதில் வைத்த கைநாட்டு உள்பட.

#30 சிவப்புத்தொப்பி

அந்தக் கோப்பை இரண்டு பேரும் தயார் செய்கிற அத்தியாயத்தைத் தவிர்த்துவிடாதீர்கள் தம்பி. போலீஸ் வேலை என்றால் துரத்துவதுதான் என்று எழுதுகிறவர்கள் நினைக்கிறார்கள். முக்கால்வாசி எழுதுகிற வேலைதான்.

#31 உப்பளம்வாசி

மற்ற மூவரை எப்படி மாட்ட வைப்பது மேடம்? க்ளைமாக்ஸில் ஒருவர் இன்ஸ்பெக்டரிடம் எல்லாவற்றையும் ஒப்புக்கொள்கிற மாதிரி வைத்திருக்கிறேன்.

#32 கோர்ட்டுக்கிளி

போலீசிடம் ஒப்புக்கொண்டது கோர்ட்டில் செல்லாது. அவர் சொன்னதை வைத்து ஏதாவது பொருளைக் கண்டெடுத்தால் அந்த அளவுக்குச் செல்லும், மற்றதெல்லாம் காற்றில் போனது. மாஜிஸ்திரேட் முன்னால் கொடுத்தால்தான் கனம் (பி.என்.எஸ்.எஸ். 183, பழைய 164). அதற்கும் முன் யோசிக்க நேரம் கொடுத்து, "கட்டாயத்தில் சொல்கிறீர்களா?" என்று கேட்பார்கள். உங்கள் ஆள் அந்த இடைவெளியில் வக்கீலோடு பேசிவிட்டு வாயை மூடிக்கொள்வார்.

நடைமுறையில் நடப்பது அப்ரூவர், அதாவது கூட்டாளியே அரசுத் தரப்புச் சாட்சியாக மாறுவது. நாலு பேரில் கடன் அதிகம் உள்ளவர் யார் என்று பாருங்கள். வெளியில்தான் பணக்காரர், உள்ளே எல்லாம் அடமானம். மன்னிப்பு கிடைக்கும், முழு உண்மையையும் சொன்னால் வெளியே வரலாம் என்றதும் அவர்தான் முதலில் சாய்வார். மற்ற மூவரும் அவரை வக்கீல் வைத்துக் காப்பாற்ற மாட்டார்கள், தங்கள் வக்கீலைத்தான் பார்ப்பார்கள்.

வீட்டில் சோதனை போடுகிற காட்சியில் வீடியோ எடுப்பதைக் காட்டுங்கள், புதுச் சட்டத்தில் கட்டாயம். பெரிய இடத்து வக்கீல் அந்த வீடியோவை ஃபிரேம் ஃபிரேமாகப் பார்ப்பார். "இத்தனை மணிக்குக் கேமரா ஏன் தரையைப் பார்க்கிறது?" என்று அரை நாள் கேட்பார். செல்போன் பதிவு, சி.சி.டி.வி. எதைத் தாக்கல் செய்தாலும் புதுச் சாட்சியச் சட்டத்தின் (பி.எஸ்.ஏ.) 63-ன் கீழ் சான்றிதழ் இணைக்க வேண்டும். அதை ஒருவர் மறந்து, மற்றவர் கடைசி நாளில் ஓடிப் போய் வாங்கிவருகிறார் என்று வைத்தாலே ஒரு அத்தியாயம் விறுவிறுப்பாக ஓடும்.

#33 மதுவிலக்கு எதிரி

செல்போன் டவரை வைத்து யார் எங்கே இருந்தார்கள் என்று கண்டுபிடிக்கலாம் இல்லையா? பாண்டி ரோமிங் வருமே.

#34 கோரிமேடு

வராது. புதுச்சேரி, காரைக்கால் எல்லாம் தமிழ்நாடு வட்டம்தான். மாஹே கேரளம், ஏனாம் ஆந்திரம். அதுவுமில்லாமல் படித்த கொலைகாரன் போனை வீட்டிலேயே வைத்துவிட்டுத்தான் போவான்.

#35 சிவப்புத்தொப்பி

வைத்துவிட்டுப் போகட்டும். நாலு பேர் போனும் ஒரே ராத்திரியில் மாலை ஏழிலிருந்து விடியற்காலை ஐந்து வரை ஒரு அழைப்பு, ஒரு மெசேஜ் இல்லாமல் கிடந்தால் அதுவே சாட்சி சொல்லும். வியாபாரிகள் போன் அப்படிக் கிடக்காது. அந்த ராத்திரியும் வேலைக்காரர்களுக்கு லீவு விட்ட நாளும் ஒன்றா என்று பாருங்கள்.

ஒரு திருத்தம் மட்டும். இரண்டாவது அத்தியாயத்தில் ராத்திரி எட்டு மணிக்குக் கார் பீச் ரோட்டில் போகிறது என்று இங்கே முன்பு மாதிரிக்குப் போட்டிருந்தீர்கள். சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் காலை ஏழரை வரை அங்கே வண்டிக்கு அனுமதி இல்லை. பின் தெரு வழியாக விடுங்கள்.

#36 வலைக்காரன்

மாதம் முடிவாகவில்லை என்றீர்களே. ஆடி ஐந்தாவது வெள்ளி வீராம்பட்டினம் செங்கழுநீர் அம்மன் தேர். பிரெஞ்சுக்காரர் காலத்தில் கவர்னர் வடம் பிடிப்பார், இப்போது துணைநிலை ஆளுநர் பிடிக்கிறார். பாண்டியில் பாதிக் கூட்டம் எங்கள் ஊரில்தான் இருக்கும், போலீசும் இங்கேதான். கரையில் கடை, ராட்டினம், கால் வைக்க இடம் இருக்காது. தெண்டி ஓடுகிற காலமும் அதுதான். புதன் ராத்திரி தெற்கே தள்ளினால் தேர் முடிந்த சனிக்கிழமை விடியற்காலையில் இங்கே வந்து நிற்கும். முதலில் பார்ப்பது ராட்டினத்தைக் கழற்றுகிற பையன்கள்.

#37 உப்பளம்வாசி

முடிவாகிவிட்டது. தேருக்கு மறுநாள் பிணம். கிழவர் தெண்டி சொல்கிறார், எஸ்.ஐ. தெற்கே போகிறார், பங்க் பையன் கிடைக்கிறான். இன்ஸ்பெக்டர் அம்மா விடியற்காலையில் குருசுக்குப்பத்துப் பெண்களோடு நடக்கிறார். செத்தவனுடைய தீர்ப்பைப் படித்த பிறகு விடுதலைப் பட்டியல், அதில் விடுபட்ட ஆள். கடன்காரர் அப்ரூவர். ஒருவர் பாரிஸில். டிரைவரின் சீட் எங்கே வருகிறது என்று மட்டும் இன்னும் யோசிக்கிறேன், அதை முன்னாலேயே செலவழிக்க மனசில்லை.

#38 முதுநகர்காரன்

சீட்டைக் கடைசிக்கு வைத்திருங்கள். அப்புறம் பங்க் பேரை எழுதாதீர்கள், எனக்கு அங்கே கணக்கு இருக்கிறது.

#39 மூன்றாம்பக்கம்

சமையற்காரம்மாவுக்குப் பேர் வைத்தீர்களா? நாலு பணக்காரருக்கும் வைத்திருப்பீர்கள்.

#40 சிவப்புத்தொப்பி

அத்தியாயம் வந்ததும் இங்கேயே இணைப்பைப் போடுங்கள் தம்பி. தேர் அன்று பந்தோபஸ்து எங்கெங்கே நிற்கும் என்று தெரிய வேண்டுமானால் தனி மடலில் கேளுங்கள். பொதுவில் எழுத மாட்டேன்.